கற்றுத்தர மறுத்த பள்ளியில் ஒரு ரகசிய வகுப்பு

ஜே.கே. ரௌலிங் எழுதிய ஹாரி பாட்டர் வரிசையில் ஐந்தாவது நாவலான ‘ஆர்டர் ஆஃப் தி பீனிக்ஸ்’ 2003ஆம் ஆண்டு ஜூன் 21 அன்று வெளிவந்தது. ஏழு நூல்களிலும் பருமனானது அதுதான். கதை மெதுவாக நகர்கிறது என்றும், நாயகன் எந்நேரமும் எரிந்துவிழுகிறான் என்றும் அதைக் குறை சொல்பவர்கள் உண்டு. வரிசையை மறுபடி படிக்கும்போது இதை மட்டும் தாண்டிப்போகிற நண்பர்கள் எனக்கும் இருக்கிறார்கள். நான் அடிக்கடி எடுத்துப் படிப்பது இதைத்தான். ஆட்சியில் இருப்பவர்கள் தம் கடமையிலிருந்து தவறும்போது அவர்களுக்குக் கீழே வாழும் பிள்ளைகள் என்ன செய்ய முடியும் என்ற கேள்வியை, இளையோருக்கான கற்பனை நாவல்களில் இவ்வளவு நுணுக்கமாக எடுத்துக்கொண்ட இன்னொன்றை நான் படித்ததில்லை. அதற்கு இந்த நாவல் சொல்லும் பதில் எனக்கு மிகவும் நெருக்கமானது. அந்தப் பிள்ளைகள் தாங்களே ஒரு வகுப்பு தொடங்குகிறார்கள்.

முந்தைய நூலின் முடிவில், அழிந்துவிட்டதாக எல்லோரும் நம்பிய தீய மந்திரவாதி வோல்டமார்ட் உடல் பெற்றுத் திரும்பிவிடுகிறான். அதை நேரில் பார்த்துவிட்டு உயிரோடு திரும்பிய ஹாரிக்கு அப்போது 14 வயது. அன்று இரவே அவன் சொன்னதைக் கேட்ட மந்திர அமைச்சர் கார்னீலியஸ் ஃபட்ஜ், அதை நம்ப மறுத்துவிடுகிறார். ஃபட்ஜ் கொடுங்கோலர் அல்லர். அதற்கு முன்பு வந்த நூல்களில் அவர் ஹாரியிடம் கனிவாகவே நடந்துகொண்டிருக்கிறார். 13 ஆண்டுகள் நீடித்த அமைதியை உடைக்கும் செய்தி எதையும் ஏற்றுக்கொள்ளும் துணிவு அவரிடம் இல்லை, அவ்வளவுதான். செய்தி உண்மையாக இருந்தால் உடனே நடவடிக்கை எடுக்க வேண்டும். நடவடிக்கை எடுத்தால் மக்கள் பீதியடைவார்கள். பீதியடைந்த மக்கள் அமைச்சரை மாற்றக்கூடும். எனவே, ஹாரியின் பள்ளித் தலைமையாசிரியர் டம்பிள்டோர் தன் பதவியைப் பறிக்கத்தான் இப்படிக் கதை கட்டுகிறார் என்று தன்னையே அவர் நம்பவைத்துக்கொள்கிறார். இந்த ஒரு பொய்யைக் காப்பாற்றுவதற்காக அந்த அமைச்சகம் அடுத்த ஓராண்டில் எத்தனை படிகள் கீழே இறங்குகிறது என்பதை நாவல் ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே போகிறது.

முதல் படி நீதிமன்றத்தில் தொடங்குகிறது. மந்திரவாதிகளின் சிறையைக் காக்கும் டிமென்டர்கள் என்ற கொடிய உயிர்களிடமிருந்து தன்னையும் தன் பெரியம்மா மகனையும் காப்பாற்றிக்கொள்ள மந்திரம் பயன்படுத்தியதற்காக ஹாரியின் மீது விசாரணை நடக்கிறது. வயது வராதவன் செய்த சின்னத் தவறாக ஓர் அதிகாரியின் அறையில் முடிய வேண்டிய விவகாரத்தை, பாதாள அறையில் முழு நீதிமன்றத்தையும் கூட்டிக் குற்ற வழக்காக நடத்துகிறார்கள். விசாரணை நேரத்தையும் இடத்தையும் அன்று காலையில்தான் மாற்றுகிறார்கள். ஹாரி தற்செயலாகச் சீக்கிரமே கட்டடத்துக்கு வந்துவிட்டதால் ஓட்டமாய் ஓடிச் சில நிமிடத் தாமதத்தில் போய்ச்சேர்கிறான். இல்லையென்றால் வராதவன் என்று எழுதி வழக்கை முடித்திருப்பார்கள். இந்தக் காட்சியில் ஒரு மந்திரமும் இல்லை. கடைசி நேரத்தில் வரும் அறிவிப்பு, சாட்சி சொல்ல வந்தவரை அலட்சியமாக நடத்துவது, தீர்ப்பை முன்பே முடிவுசெய்துகொண்டு கேள்வி கேட்பது, இவை அலுவலக வாசல்களில் காத்துக் கிடந்த யாருக்கும் பழகியவை. வாசகருக்குத் தெரிந்த அநியாயத்தில் தொடங்கிவிட்டுத்தான் ரௌலிங் மெல்ல மெல்லத் தெரியாத அநியாயத்துக்குள் அழைத்துச்செல்கிறார்.

இரண்டாவது படி ஹாரி படிக்கும் ஹாக்வார்ட்ஸ் மந்திரப் பள்ளிக்குள் வருகிறது. அமைச்சரின் அலுவலகத்தில் உயர்பொறுப்பில் இருக்கும் டோலோரஸ் அம்ப்ரிட்ஜ், தீய மந்திரங்களிலிருந்து தற்காத்துக்கொள்ளும் பாடத்துக்கு ஆசிரியராக நியமிக்கப்படுகிறார். முதல் வகுப்பிலேயே மந்திரக்கோல்களைப் பைக்குள் வைக்கச் சொல்லிவிட்டு, பாடநூலின் முதல் அத்தியாயத்தைப் பேசாமல் படிக்கச் சொல்கிறார். ஹாரியின் தோழி ஹெர்மாயனி புத்தகத்தைத் திறக்கவே இல்லை. அவள் அதை முன்பே படித்து முடித்திருக்கிறாள். கையை உயர்த்தியபடி ஆசிரியரையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். வகுப்பில் பாதிப் பேர் புத்தகத்தை விட்டுவிட்டு அவளையே பார்க்கத் தொடங்கிய பிறகுதான் அம்ப்ரிட்ஜ் வேறு வழியில்லாமல் என்ன கேள்வி என்று கேட்கிறார். பாடத்தின் நோக்கங்களாகப் பலகையில் எழுதியிருப்பவற்றில் தற்காப்பு மந்திரங்களைச் செய்துபார்ப்பது பற்றி ஒரு வார்த்தையும் இல்லையே என்று அவள் கேட்கிறாள். இந்த நாவலின் கிளர்ச்சி அந்த உயர்ந்த கையில்தான் தொடங்குகிறது என்பது என் எண்ணம். அங்கே கூச்சலும் இல்லை, அவமரியாதையும் இல்லை. மாணவி ஒருத்தி தனக்கு வர வேண்டிய பாடத்தைக் கேட்கிறாள்.

அதற்கு அம்ப்ரிட்ஜ் சொல்லும் பதில்களைத் தமிழ்நாட்டில் படித்தவர்கள் உடனே அடையாளம் கண்டுகொள்வார்கள். கோட்பாட்டை நன்றாகப் படித்திருந்தால் பரீட்சையில் மந்திரம் தானாக வந்துவிடும். பள்ளிக்கூடம் இருப்பதே பரீட்சைக்காகத்தான். உங்களைப் போன்ற சின்னப் பிள்ளைகளை யார் வந்து தாக்கப்போகிறார்கள்? நான் படித்த பள்ளியிலும் ஆய்வகம் என்று ஓர் அறை இருந்தது. செய்முறைத் தேர்வு நெருங்கும் வரை அது பூட்டியே கிடக்கும். அளவீடுகளை அட்டவணையாகக் கரும்பலகையில் எழுதிப்போட்டு, பதிவேட்டில் அப்படியே இறக்கிக்கொள்ளச் சொல்வார்கள். அந்த அமிலத்தையும் விளக்கையும் தொடாமலேயே நாங்கள் மதிப்பெண் வாங்கினோம். அம்ப்ரிட்ஜின் வகுப்பைப் படிக்கும்போது எனக்கு வரும் கோபம் அவருடைய கொடுமையால் வருவது குறைவு. கற்க வேண்டிய வயதில் கற்கவிடாமல் ஒரு தலைமுறையின் நேரத்தைத் திருடுகிறாரே என்பதால் வருவதுதான் அதிகம்.

அதன் பிறகு வரிசையாக ஆணைகள் வருகின்றன. ஆசிரியர் பணியிடத்தைத் தலைமையாசிரியரால் நிரப்ப முடியாவிட்டால் அமைச்சகமே நிரப்பலாம் என்பது 22ஆம் கல்வி ஆணை. அம்ப்ரிட்ஜ் உள்ளே வந்ததே அதன் வழியாகத்தான். 23ஆம் ஆணை அவரைப் பள்ளியின் உயர் விசாரணை அதிகாரி ஆக்குகிறது. 24ஆம் ஆணை எல்லா மாணவர் குழுக்களையும் கலைக்கிறது. மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட மாணவர்கள் வழக்கமாகக் கூடினால் அதுவே குழு என்று விளக்கமும் தருகிறது. தண்டனை அதிகாரம் முழுவதும் 25ஆம் ஆணையால் அவர் கைக்குப் போகிறது. தாங்கள் நடத்தும் பாடத்துக்குத் தொடர்பில்லாத எதையும் ஆசிரியர்கள் மாணவர்களிடம் சொல்லக் கூடாது என்கிறது 26. வோல்டமார்ட் திரும்பியதைப் பற்றி ஹாரி தந்த நேர்காணலை வெளியிட்ட பத்திரிகையை வைத்திருந்தால் பள்ளியிலிருந்து நீக்கம் என்கிறது 27. கடைசியில் 28ஆம் ஆணை அம்ப்ரிட்ஜையே தலைமையாசிரியர் நாற்காலியில் அமர்த்துகிறது. இவற்றில் எந்த ஆணையும் முன்கூட்டித் திட்டமிட்டு வந்ததாகத் தெரிவதில்லை. நேற்று யாரோ செய்த ஒன்றைத் தடுக்க இன்று ஓர் ஆணை. அதையும் மீறி நாளை யாரோ செய்யப்போகிற ஒன்றுக்கு இன்னோர் ஆணை. உண்மையை எதிர்கொள்ள முடியாத அதிகாரம் விதிகளை எழுதிக்கொண்டே போகும் அந்த வேகத்தை, அறிவிப்புப் பலகையில் ஒட்டப்படும் காகிதங்களைக் கொண்டே ரௌலிங் காட்டிவிடுகிறார்.

தண்டனைக் காட்சியைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. வோல்டமார்ட் திரும்பிவிட்டான் என்று வகுப்பில் சொன்னதற்காக ஹாரி மாலைதோறும் அம்ப்ரிட்ஜின் அறையில் உட்கார்ந்து, நான் பொய் சொல்லக் கூடாது என்று எழுத வேண்டும். மை தரப்படுவதில்லை. அவன் எழுத எழுதச் சொற்கள் சிவப்பாகத் தாளில் விழுகின்றன. அதே சொற்கள் அவன் புறங்கையில் கத்தியால் கீறியதுபோல் தோன்றி, உடனே ஆறி, மறுபடியும் கீறப்படுகின்றன. எழுதுவது அவனுடைய இரத்தத்தால்தான். சுவரில் மாட்டிய அலங்காரத் தட்டுகளில் பூனைக்குட்டிகள் துள்ளிக்கொண்டிருக்கும் அந்த அறையில் அம்ப்ரிட்ஜ் குரலை ஒருமுறைகூட உயர்த்துவதில்லை. ரௌலிங் தன் இருபதுகளின் தொடக்கத்தில் லண்டனில் ஆம்னஸ்டி இன்டர்நேஷனல் அமைப்பில், ஆப்பிரிக்க நாடுகள் தொடர்பான ஆய்வுப் பிரிவில் பணியாற்றினார் என்பதும், சித்திரவதைக்கு உள்ளானவர்களின் வாக்குமூலங்களை அங்கே படித்தார் என்பதும் 2008இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் அவரே பேசியவை. உண்மையைச் சொன்னவனின் கையாலேயே அது பொய் என்று எழுதவைக்கும் இந்தத் தண்டனை அந்த அனுபவத்திலிருந்து வந்ததா என்று நான் உறுதியாகச் சொல்ல மாட்டேன். ஆனால் கட்டாய வாக்குமூலம் என்பது என்ன என்று அறிந்த ஒருவர் எழுதியது போலவே அது இருக்கிறது.

மாற்று வகுப்புக்கான யோசனை பிறக்கும் இடமும் இந்தத் தண்டனையோடு ஒட்டித்தான் வருகிறது. ஒரு நாள் இரவு ஹாரி இரத்தம் கசியும் கையோடு திரும்புகிறான். ஹெர்மாயனி ஒரு கிண்ணத்தில் மஞ்சள் நிற மருந்துநீரைத் தயாராக வைத்திருக்கிறாள். கை அதில் ஊறிக்கொண்டிருக்கும்போதுதான், நாமே கற்றுக்கொண்டால் என்ன, நீயே எங்களுக்குக் கற்றுக்கொடுத்தால் என்ன என்று கேட்கிறாள். ஹாரி வெடிக்கிறான். நான் தப்பித்ததெல்லாம் அதிர்ஷ்டத்தாலும் பிறர் உதவியாலும்தான், தனக்கும் மரணத்துக்கும் நடுவே சொந்த மூளையும் துணிச்சலும் தவிர எதுவுமே இல்லாமல் நிற்பது என்னவென்று உங்களுக்குத் தெரியாது என்று கத்துகிறான். கிண்ணம் விழுந்து உடைகிறது. அதனால்தான் கேட்கிறோம், அவனை எதிர்கொள்வது எப்படி இருக்கும் என்று எங்களுக்குத் தெரிய வேண்டும் என்கிறாள் ஹெர்மாயனி. அப்போதுதான் வோல்டமார்ட்டின் பெயரை அவள் முதன்முறையாக, தடுமாறியபடி, வாய்விட்டுச் சொல்கிறாள். எல்லாவற்றையும்விட அதுதான் ஹாரியை அமைதிப்படுத்துகிறது. வயதில் பெரியவர்கள்கூடச் சொல்ல அஞ்சும் பெயர் அது.

முதல் கூட்டம் ஹாக்ஸ் ஹெட் என்ற அழுக்கடைந்த மதுக்கூடத்தில் நடக்கிறது. சிலர் வரலாம் என்று ஹெர்மாயனி சொல்லியிருக்க, ஹாரி, ஹெர்மாயனி, நண்பன் ரான் ஆகிய மூவரையும் சேர்த்து 28 பேர் கூடிவிடுகிறார்கள். ஆளரவம் இல்லாத இடமாயிற்றே என்று நம்பித்தான் அவள் அதைத் தேர்ந்தெடுத்தாள். பின்னால், சிறையிலிருந்து தப்பித் தலைமறைவாக வாழும் ஹாரியின் ஞானத்தந்தை சிரியஸ் அவர்களிடம், கூட்டமும் இரைச்சலும் நிறைந்த வேறொரு கடைக்குப் போயிருந்தால் ஒட்டுக்கேட்பது கடினமாக இருந்திருக்கும் என்று சொல்கிறான். அமைச்சகத்துக்காகக் காது கொடுத்தவன் ஒருவன் கட்டுகளைச் சுற்றிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்திருந்தான். தலைமறைவாகச் செயல்படுவதில் இவர்களுக்கு ஒரு பயிற்சியும் இல்லை என்பதை நாவல் மறைப்பதில்லை. 24ஆம் ஆணை வந்த பிறகும் அவர்கள் பின்வாங்காததுதான் என்னை நெகிழவைக்கிறது. ஆணைக்கு முன்பு அது ஒரு படிப்புக் குழு; ஆணை வந்த மறுகணம், அதில் இருப்பதே பள்ளியிலிருந்து நீக்கப்படத் தகுந்த குற்றம். அந்த 28 பேரும் செய்ய நினைத்ததில் எதுவும் மாறவில்லை. அதற்குப் பெயர் சூட்டியது அமைச்சகம்.

ஏழாவது மாடியில், தேடுபவரின் தேவைக்கேற்பத் தோன்றும் தேவை அறையில் முதல் வகுப்பு தொடங்குகிறது. ஹாரி எந்த மந்திரத்தில் தொடங்கலாம் என்று பேச வாயெடுக்கிறான். ஹெர்மாயனி மறுபடியும் கையை உயர்த்துகிறாள். முதலில் தலைவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்கிறாள். ஹாரிதானே தலைவன் என்று ஒருத்தி சொன்னாலும் அவள் விடுவதில்லை. முறைப்படி வாக்கெடுக்க வேண்டும், அப்போதுதான் அவனுக்கு அந்த அதிகாரம் உண்டு என்கிறாள். எல்லோரும் கை உயர்த்துகிறார்கள். இரண்டு பக்கத்தில் முடிந்துவிடும் இந்தச் சிறு காட்சியை நான் ஒவ்வொரு முறையும் நின்று படிப்பேன். கீழே, நியமன ஆணையின் பலத்தால் வகுப்பெடுக்கும் ஓர் ஆசிரியர். மேலே, தன்னிடம் கற்க விரும்புபவர்களின் சம்மதத்தால் வகுப்பெடுக்கும் ஒரு மாணவன். எல்லா அதிகாரமும் தீயது என்ற முடிவுக்கு இந்தப் பிள்ளைகள் போவதில்லை. யாரிடமிருந்து வந்தால் அதிகாரம் செல்லும் என்பதை அவர்கள் தாங்களாகவே கண்டுபிடிக்கிறார்கள். குழுவுக்கு டம்பிள்டோரின் படை என்று பெயர் வைக்கும் யோசனை ரானின் தங்கை ஜின்னியுடையது. டம்பிள்டோர் மாணவர்களைக் கொண்டு படை திரட்டுகிறார் என்பதுதானே அமைச்சகத்தின் பெரிய அச்சம். அந்த அச்சத்தையே பெயராக்கிக்கொள்கிறார்கள்.

அதன் பிறகு ஹாரி, எதிராளியின் கையிலிருந்து மந்திரக்கோலைப் பறிக்கும் எளிய மந்திரத்தில் தொடங்குகிறான். இதைப் போய் யார் பயன்படுத்துவார்கள் என்று ஒரு மாணவன் ஏளனம் செய்கிறான். சென்ற ஜூனில் வோல்டமார்ட்டிடமிருந்து என் உயிரைக் காப்பாற்றியது இதுதான், உனக்கு வேண்டாமென்றால் நீ போகலாம் என்று ஹாரி அமைதியாகச் சொன்னதும் அறை அடங்குகிறது. ஜோடி கிடைக்காமல் நிற்கும் வகுப்புத் தோழன் நெவிலைத் தன்னோடு பயிற்சி செய்ய அழைக்கிறான். எதிலும் தோற்றுப் பழகிய நெவில், ஹாரி வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்த ஒரு நொடியில் அவன் கோலைப் பறக்கவிட்டுவிட்டு, செய்துவிட்டேன் என்று பரவசத்தில் கூவுகிறான். உண்மையான சண்டையில் எதிராளி இப்படி அசட்டையாக நிற்க மாட்டான் என்பது ஹாரிக்குத் தெரியும். அதைச் சொல்லாமல், நன்றாகச் செய்தாய் என்று மட்டும் சொல்கிறான். ஒரு பதினைந்து வயதுப் பையன் நல்ல ஆசிரியனாக மாறும் தருணம் அதுவே. எப்போது பாராட்ட வேண்டும், எப்போது திருத்த வேண்டும் என்று அவனுக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

நெவிலின் கதை இந்த நாவலுக்குள் இன்னொரு நாவல். அவனுடைய பெற்றோர் முந்தைய போர் முடிந்த சமயத்தில் சித்திரவதை செய்யப்பட்டு நினைவிழந்து மருத்துவமனையிலேயே வாழ்கிறவர்கள். கிறிஸ்துமஸ் விடுமுறையில் அவன் அவர்களைப் பார்க்கப்போகும்போது, அம்மா தள்ளாடி வந்து வெறும் மிட்டாய்த் தாள் ஒன்றை அவன் கையில் வைக்கிறார். பாட்டி அதைக் குப்பையில் போடச் சொல்கிறார். அவன் யாரும் கவனிக்காதபடி சட்டைப்பைக்குள் வைத்துக்கொள்கிறான். விடுமுறை முடிந்த சில நாட்களில், அந்தப் பெற்றோரைச் சிதைத்தவர்கள் உட்பட பத்துப் பேர் சிறையிலிருந்து தப்பிவிட்டதாகச் செய்தி வருகிறது. சிறைக்காவலர்களான டிமென்டர்கள் கட்சி மாறிவிட்டார்கள் என்பதை ஒப்புக்கொள்ள மனமில்லாத அமைச்சகம், சிரியஸின் மீது பழியைப் போடுகிறது. ரகசிய வகுப்பில் நெவில் அதன் பிறகு வாய்பேசாமல் உழைக்கத் தொடங்குகிறான். காயம் பட்டாலும் முகம் சுளிக்காமல் மறுபடி எழுந்து முயல்கிறான். பாதுகாப்பு அரண் மந்திரத்தை ஹெர்மாயனியைத் தவிர வேறு யாரும் அவனைவிட விரைவாகக் கற்கவில்லை. அரசு மறைக்கும் ஆபத்து யாருடைய வீட்டு வாசலில் வந்து நிற்கும் என்பதற்கு நெவிலைவிடத் தெளிவான விடை தேவையில்லை.

ஆசிரியர்கள் செய்யும் சின்னச் சின்ன எதிர்ப்புகளும் எனக்குப் பிடித்தவை. ஹாரியின் நேர்காணலைப் பற்றிப் பேச அவர்களுக்குத் தடை. தண்ணீர் ஊற்றும் பாத்திரத்தை எடுத்துக்கொடுத்தான் என்பதற்காகவே ஸ்ப்ரௌட் அவனுக்கு 20 புள்ளிகள் தருகிறார். மாணவர்கள் கொளுத்திவிட்ட மந்திரப் பட்டாசுகளைத் தன்னாலேயே அணைத்திருக்க முடியும், ஆனால் அதற்குத் தனக்கு அதிகாரம் உண்டா என்று தெரியவில்லை என்று ஃபிளிட்விக் புதுத் தலைமையாசிரியரிடம் பணிவாகச் சொல்லிவிட்டுக் கதவைச் சாத்துகிறார். மெக்கோனகலோ, அம்ப்ரிட்ஜிடம் வாயைக் கட்டுப்படுத்திக்கொள் என்று ஹாரியை எச்சரித்து, ஒரு பிஸ்கட்டும் கொடுத்து அனுப்புகிறார். பின்னர், சக ஆசிரியர் ஹாக்ரிட்டைத் தாக்குபவர்களைத் தடுக்க ஓடி, நான்கு மந்திரங்களை நெஞ்சில் வாங்கி மருத்துவமனைக்குப் போகிறவரும் அவரே. வாயைக் கட்டுப்படுத்தச் சொன்னவர் கோழை இல்லை. எதற்காக அடிவாங்கலாம், எதற்காகக் கூடாது என்று கணக்குத் தெரிந்தவர்.

ஆனால் இந்தக் குழுவின் மீது எனக்கு ஒரு கடுமையான விமர்சனம் உண்டு. மதுக்கூடத்தில் எல்லோரிடமும் ஒரு தாளில் கையெழுத்து வாங்கியபோது, காட்டிக்கொடுப்பவரைத் தண்டிக்கும் மந்திரம் அதில் இருப்பதை ஹெர்மாயனி சொல்லவில்லை. மரியெட்டா என்ற மாணவி தன் தோழி சோவின் வற்புறுத்தலால் வந்தவள். அவளுடைய அம்மா அமைச்சகத்தில் வேலை பார்க்கிறார். அவருக்கு ஏதும் நேர்ந்துவிடக் கூடாது என்ற பயத்தில் அவள் அம்ப்ரிட்ஜிடம் போய்ச் சொல்லிவிடுகிறாள். சொன்ன மறுகணம் கோள்மூட்டி என்ற பொருள்படும் சொல் அவள் முகம் முழுக்கக் கொப்புளங்களாக எழும்புகிறது. அடுத்த கல்வியாண்டின் ரயில் பயணத்திலும் அவள் முகம் தடித்த பூச்சுக்குள்தான் இருக்கிறது. அந்தத் தாளில் இப்படி ஒன்று இருப்பதை எங்களிடம் சொல்லியிருக்க வேண்டும் என்று சோ வாதாடுகிறாள். ஹாரி அதைப் புத்திசாலித்தனம் என்கிறான். நான் சோவின் பக்கம். எச்சரிக்கை இருந்திருந்தால் மரியெட்டா அன்றே கையெழுத்துப் போடாமல் எழுந்து போயிருப்பாள். யாருக்கும் இழப்பு இல்லை. சொல்லாமல் வைத்த தண்டனை துரோகத்தைத் தடுப்பதில்லை, துரோகம் நடந்த பிறகு பழிதீர்க்க மட்டுமே உதவுகிறது. உடலில் சொற்களைப் பொறிக்கும் தண்டனையைக் கண்டு கொதித்தவர்களே ஒரு பெண்ணின் முகத்தில் இன்னொரு சொல்லைப் பொறித்ததை நாவல் போதிய அளவு நின்று யோசிக்கவில்லை என்பது என் மனக்குறை. தொடர்ந்து, அவள் மேற்கொண்டு பேசாதிருக்க, டம்பிள்டோரின் தரப்பைச் சேர்ந்த ஒருவரே அவளுடைய நினைவை மாற்றிவிடுகிறார். அதையும் பெரியவர்கள் எவரும் தவறென்று சொல்வதில்லை.

நல்ல பக்கத்துப் பெரியவர்களின் தோல்விதான் இந்த நாவலின் மறுபாதி. வோல்டமார்ட்டை எதிர்க்கும் ரகசிய அமைப்பில் மாணவர்களுக்கு இடமில்லை. அவர்கள் தங்கியிருக்கும் வீட்டிலேயே கூட்டம் நடக்கிறது. பிள்ளைகள் மாடிப்படியிலிருந்து ஒட்டுக்கேட்க வேண்டியிருக்கிறது. ஹாரிக்கு எவ்வளவு சொல்லலாம் என்று சாப்பாட்டு மேசையில் ரானின் அம்மா மோலி வீஸ்லியும் சிரியஸும் மோதிக்கொள்ளும்போது, இருவருடைய அன்பும் உண்மையானது; இருவருமே அவனை அவனாகப் பார்க்கவில்லை. டம்பிள்டோர் ஆண்டு முழுவதும் ஹாரியின் கண்ணைப் பார்ப்பதையே தவிர்க்கிறார். அம்ப்ரிட்ஜ் வெறுப்பால் மறைத்ததை இவர்கள் பாசத்தால் மறைக்கிறார்கள். ஹாரியின் கையில் வந்து சேருவது இரண்டு வழியிலும் ஒன்றுதான். அமைச்சகத்தின் பாதாளத்தில் இருக்கும் பொருளை வோல்டமார்ட் ஏன் தேடுகிறான் என்று அவனிடம் சொல்லியிருந்தால், சிரியஸ் அங்கே சிக்கியிருப்பதாகக் காட்டப்பட்ட பொய்க்காட்சியை நம்பி அவன் போயிருக்கத் தேவையில்லை. இது பொறியாக இருக்கலாம் என்று ஹெர்மாயனி எச்சரித்தும் அவன் கேட்கவில்லை என்பதும் உண்மைதான். அவனோடு நெவில், லூனா, ஜின்னி, ரான், ஹெர்மாயனி ஆகிய ஐவரும் போகிறார்கள். ரகசிய வகுப்பில் கற்றதுதான் அவர்களை உயிரோடு வைத்திருக்கிறது. காப்பாற்ற வந்த சிரியஸ் இறந்துபோகிறான். டம்பிள்டோர் அன்று அதிகாலை ஹாரியிடம் தன் தவறை முழுவதுமாக ஒப்புக்கொள்கிறார். பிள்ளைகளுக்கான கதைகளில் ஞானியான கிழவர் இப்படித் தலைகுனிவது அரிது. ஹாரி அவருடைய அறையிலுள்ள பொருள்களை உடைத்து நொறுக்கும்போது அவர் தடுப்பதில்லை.

இந்தக் கதையுலகம் உண்மையான தெருவுக்கு வந்த ஒரு நாளும் உண்டு. 2020 ஆகஸ்ட் 3 அன்று பாங்காக்கின் ஜனநாயக நினைவுச்சின்னத்தின் அருகே தாய்லாந்து இளைஞர்கள் ஹாரி பாட்டர் பாணியில் ஒரு போராட்டம் நடத்தினார்கள். மந்திரக்கோல்களோடும் அங்கிகளோடும் வந்தார்கள். பெயர் சொல்லக் கூடாதவன் என்ற நாவலின் உருவகம், முடியாட்சியைப் பற்றி வெளிப்படையாகப் பேசவே முடியாத ஒரு நாட்டில் தனிப்பொருள் பெற்றது. அரச குடும்பத்தை அவமதித்ததாகக் கருதப்படும் ஒவ்வொரு பேச்சுக்கும் 3 முதல் 15 ஆண்டுகள் வரை சிறை விதிக்க அங்கே சட்டப்பிரிவு 112 இடமளிக்கிறது. மனித உரிமை வழக்கறிஞர் ஆனோன் நாம்பா மந்திரவாதி மாணவனின் உடையில் மேடையேறி, முடியாட்சியில் சீர்திருத்தம் வேண்டும் என்று வெளிப்படையாகப் பேசினார். அந்த வாரமே அவர் கைதானார். அந்த ஆண்டில் நிகழ்த்திய மற்றோர் உரைக்காக 2023 செப்டம்பரில் அவருக்கு நான்கு ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது. அதன் பிறகும் தண்டனைகள் தொடர்ந்தன. ஹெர்மாயனி தடுமாறியபடி ஒரு பெயரை உச்சரித்த காட்சியை அந்த இளைஞர்களில் எத்தனையோ பேர் பள்ளிப் பருவத்தில் படித்து வளர்ந்திருப்பார்கள்.

நாவலுக்குள் போராட்டத்தின் பலன் என்ன என்று கேட்டால், அமைச்சர் மாறுகிறார். வோல்டமார்ட்டைத் தன் கண்ணாலேயே பார்த்துவிட்ட ஃபட்ஜ் பதவியிழந்து, ஆறாவது நூலில் ஸ்க்ரிம்ஜர் வருகிறார். அமைச்சகத்துக்கு ஆதரவாக அவ்வப்போது முகம் காட்டினால் போதும் என்று ஹாரியிடம் அவர் கேட்கும்போது, குற்றமற்ற ஒரு பேருந்து நடத்துநரைச் சிறையில் வைத்திருக்கிறீர்களே, அவரை விடுவித்தீர்களா என்று ஹாரி கேட்டுவிட்டு, புறங்கையில் வெண்தழும்பாக நிற்கும் அந்த வாசகத்தைக் காட்டுகிறான். அம்ப்ரிட்ஜ் அப்போதும் அமைச்சகத்தில்தான் வேலை பார்க்கிறார். ஏழாவது நூலில் வோல்டமார்ட்டின் ஆட்கள் அமைச்சகத்தையே கைப்பற்றிய பிறகும் அவர் அங்கேதான் இருக்கிறார். மாயமறியாத குடும்பங்களில் பிறந்த மந்திரவாதிகளைப் பதிவுசெய்து சிறைக்கு அனுப்பும் ஆணையத்துக்குத் தலைவராகியிருக்கிறார். மூன்று ஆட்சிகள் மாறியும் ஒரே மேசையில் கோப்புகளைப் பார்த்துக்கொண்டிருக்கும் இந்த அதிகாரிதான், வோல்டமார்ட்டைவிட ரௌலிங் படைத்த உண்மையான தீமை என்று நான் நினைக்கிறேன்.

ஆகவே அந்தக் குழுவும் ஆட்சி மாறியதோடு முடிந்துவிடவில்லை. இடையில் ஓராண்டு, அம்ப்ரிட்ஜ்தான் பள்ளியை விட்டுப் போய்விட்டாரே என்று ஹாரி அதை நடத்தாமல் விட்டுவிடுகிறான். நெவிலும் லூனாவும் அந்த வகுப்பை விரும்பியதாகச் சொல்லியும் அவனுக்கு அது உறைப்பதில்லை. ஏழாவது நூலில் ஹாரி பள்ளியிலேயே இல்லாத ஆண்டில், நெவிலும் ஜின்னியும் லூனாவும் அதை மறுபடி தொடங்குகிறார்கள். தண்டனைக்கு ஆளான மாணவர்கள் மீது சித்திரவதை மந்திரத்தைப் பயிற்சி செய்யச் சொல்லும் புதிய ஆசிரியரின் கட்டளைக்கு நெவில் மறுத்துவிடுகிறான். முகமெல்லாம் காயத்தோடு திரிகிறான். இரவில் வெளியே வந்து, டம்பிள்டோரின் படைக்கு இன்னும் ஆள்சேர்ப்பு நடக்கிறது என்று சுவர்களில் எழுதிவைக்கிறார்கள். சங்கிலியில் கட்டப்பட்ட முதலாண்டுப் பிள்ளையை விடுவிக்கப்போன மைக்கேல் கார்னர் பிடிபட்டு மோசமாகச் சித்திரவதை செய்யப்பட்ட பிறகு, அப்படிப்பட்ட செயல்களில் பிறரை இறங்கச் சொல்வதற்கு நெவிலுக்கு மனம் வரவில்லை. கிறிஸ்துமஸில் லூனாவைப் பிடித்துச் செல்கிறார்கள்; ஈஸ்டருக்குப் பிறகு ஜின்னி திரும்பவில்லை. நெவில் தேவை அறைக்குள் தலைமறைவாகிறான். ஒருவர் பின் ஒருவராக மற்றவர்களும் வந்துசேர, அறை அவர்களுக்குத் தொங்கு படுக்கைகளைத் தந்து விரிந்துகொண்டே போகிறது. அறையால் உணவு தர முடியாது. பசித்தபோது ஹாக்ஸ் ஹெட் மதுக்கூடத்துக்கு ஒரு சுரங்கவழியைத் திறந்துவிடுகிறது. முதல் கூட்டத்தன்று அவர்களுக்குப் பானம் எடுத்துக்கொடுத்த அந்தக் கடைக்காரர், டம்பிள்டோரின் தம்பி, இப்போது அவர்களுக்குச் சாப்பாடு போடுகிறார். ஹாரி அந்த வழியாக உள்ளே வரும்போது, எல்லோரும் அவன் அடுத்து என்ன செய்யச் சொல்வான் என்று காத்திருக்கிறார்கள். அவனோ தன் வேலையை ரகசியமாகவே வைத்துக்கொள்ளப் பார்க்கிறான்; டம்பிள்டோர் அவனிடம் செய்த அதே தவறு அது. ரானும் ஹெர்மாயனியும் அவனைத் தடுத்து, எதைத் தேடுகிறோம் என்பதையாவது இவர்களிடம் சொல், உதவுவார்கள் என்கிறார்கள். அவன் சொல்கிறான்.